என்.ஜி. என்று நான் எழுதிய நான்கு விநாடிகள்

எழுபதுகளில் திருவண்ணாமலையில் செத்துப்போனவர்களில் பாதிப் பேருக்கு ஒரே ஜோடிக் கண்கள்தான். கடைத்தெருவில் ஸ்டுடியோ வைத்திருந்தவர் தூரிகையால் போட்டவை. உயிரோடு இருந்தபோது போட்டோ எடுத்துக்கொள்ளாத ஒருவர் இறந்துவிட்டால், உடலைக் குளிப்பாட்டி, பொட்டு வைத்து, மர நாற்காலியில் உட்காரவைத்து, சரிந்துவிடாமல் மாலைக்குள் மறையும்படி துண்டால் கட்டிவிட்டு, ஸ்டுடியோவுக்கு ஆள் அனுப்புவார்கள். அவர் முக்காலியோடு வந்து, அழுகிறவர்களைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொல்லி, மூடிய கண்களோடு ஒரு படம் எடுத்துக்கொண்டு போவார். பதினாறாம் நாள் கருமாதிக்குள் பெரிதாக்கிய படம் கண்ணாடிச் சட்டத்தோடு வந்துவிடும். அதில் இறந்தவர் கண்ணைத் திறந்து நேராகப் பார்ப்பார். நெல் மண்டிக்காரர், அவருடைய மாமியார், கோபுரத்தடியில் பூ விற்ற அம்மாள் எல்லோரும் அதே கண்களால் பார்த்தார்கள்.

என் தங்கை இருபத்திரண்டு வயதில் மஞ்சள் காமாலையில் இறந்தபோது அவளுக்கும் அந்தக் கண்கள் வந்து சேர்ந்தன.

படத்தைச் சுவரில் மாட்டிய அன்று அம்மா அதன் எதிரில் வெகுநேரம் நின்றாள். அழுவாள் என்று அத்தைமார்கள் காத்திருந்தார்கள். அவள் அழவில்லை. "மூக்கு அவுளுது. வாயி அவுளுது. கண்ணு யாருது?" என்று கேட்டாள். அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். கேள்வி என்னை நோக்கித்தான் வந்தது. ஏனென்றால் அந்த வீட்டில் படம் எடுப்பதைப் பிழைப்பாக வைத்திருந்தவன் நான் ஒருவன்தான்.

சென்னையில் அரசாங்கத்துக்காகச் செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் எடுக்கும் ஒரு பிரிவில் ஒளிப்பதிவாளனாகச் சேர்ந்து, இயக்குநராகி, மாலை மரியாதையோடு ஓய்வுபெற்றவன் நான். அணைகள் திறக்கப்படுவதை எடுத்திருக்கிறேன். அடிக்கல் நாட்டு விழாக்களை எடுத்திருக்கிறேன். ஒரே அடிக்கல்லை இரண்டு ஆட்சிகளில் இரண்டு முறை எடுத்ததும் உண்டு. அமைச்சர்களின் கத்தரிக்கோல் பிடித்த கைகளைத் தனித்தனியாக அடையாளம் சொல்லுமளவுக்குத் தேர்ச்சி இருந்தது. இத்தனை ஆயிரம் அடி ஃபிலிமில் என் தங்கையின் முகம் இல்லை.

அவள் கேட்காமல் இல்லை. ஒவ்வொரு முறை நான் கேமராவோடு ஊருக்கு வரும்போதும், "ண்ணா, என்ன ஒரு வாட்டி எடேன்" என்பாள். அரசாங்கச் சுருளில் ஒவ்வோர் அடிக்கும் பதில் சொல்லியாக வேண்டும், சொந்தக்காரர்களை எடுப்பது நடத்தை விதிகளுக்கு முரண் என்று நான் விளக்குவேன். விதி எண்ணையும் சொல்வேன். அவள் சிரிப்பாள். "செங்கம் ரோட்டுல சுத்தற வெள்ளைக்காரன் கேக்காமலே எடுக்கறான். நீ கேட்டாலும் எடுக்க மாட்டேன்ற." அது உண்மைதான். ஆசிரமத்துப் பக்கம் தங்கியிருந்த யாரோ ஒருவர் அவளைத் தண்ணீர்க் குடத்தோடு எடுத்திருக்கிறார். எந்த நாட்டிலோ, யாருடைய ஆல்பத்திலோ அவள் இன்னும் குடத்தோடு நிற்கக்கூடும். அந்த மனிதருக்கு விதிகள் தெரியாது. அவர் வாழ்க.

வீட்டிலும் யாரும் எடுக்கவில்லை. போட்டோ எடுத்தால் ஆயுசு கம்மியாகும் என்று அம்மா நம்பினாள். மாப்பிள்ளை பார்க்கும்போது எடுத்துக்கொள்ளலாம் என்று அப்பா தள்ளிப்போட்டார். பள்ளிக்கூடக் குழுப் படம் ஒன்று இருந்தது. மூன்றாம் வரிசையில், முன்னால் நின்றவளின் ரிப்பனுக்குப் பின்னால், மிளகு அளவுக்கு ஒரு நெற்றி. அதுதான் அவள் என்று எங்களுக்குச் சொல்லப்பட்டது. ஆசிரியர் பயிற்சி முடித்து, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருந்தாள். இறந்து நான்கு மாதம் கழித்து நேர்முகத் தேர்வுக்குக் கார்டு வந்தது. உரிய படிவத்தில் பதில் எழுதியவன் நான்தான்.

அம்மா அந்தக் கேள்வியைக் கேட்ட இரவு பஸ்ஸில் சென்னைக்குத் திரும்பிக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு அந்தப் பகல் ஞாபகம் வந்தது.

அவள் இறப்பதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன், தீபத் திருவிழாவின் ஏழாம் நாள் தேரோட்டத்தைப் படமெடுக்க என்னை அனுப்பியிருந்தார்கள். தேரடி வீதியில் ஒரு ஜவுளிக்கடையின் மொட்டைமாடியில் கேமராவை நிறுத்தியிருந்தேன். பெரிய தேர் காலையிலிருந்து ஒரே இடத்தில் நின்று, கட்டை போடுகிறவர்களையும் வடம் பிடிக்கிறவர்களையும் சோதித்துக்கொண்டிருந்தது. மதியம் வடம் இறுகி, சக்கரம் அசைந்தது. நான் பொத்தானை அழுத்தினேன். அந்த நொடியில் என் தங்கை சாப்பாட்டுத் தூக்கோடு மாடிப்படி ஏறி வந்து, நேராக லென்ஸுக்கு எதிரில் நின்று, கையை நீட்டித் திட்டத் தொடங்கினாள். "மணி ரெண்டாவுது. சோறு ஆறிப்போச்சு. தேரு எங்க ஓடிப்போவப் போவுது?"

நான் கேமராவை நிறுத்தினேன். நான்கு விநாடி ஓடியிருந்தது. நான்கு விநாடி என்றால் தொண்ணூற்றாறு ஃபிரேம், ஆறு அடி. படப்பிடிப்பு அறிக்கையில் அந்த ஷாட்டுக்கு எதிரே 'என்.ஜி.' என்று எழுதினேன். நன்றாக இல்லை, தேவையில்லை என்பதற்கு எங்கள் தொழிலில் உள்ள இரண்டெழுத்து. காரணம் என்ற இடத்தில் 'இடையூறு' என்று எழுதினேன். என் கையெழுத்து எப்போதும் தெளிவாக இருக்கும் என்று மேலதிகாரிகள் பாராட்டுவது வழக்கம். பஸ்ஸை விட்டு இறங்கிய அன்று அலுவலகத்தில் அந்தப் பழைய அறிக்கையை எடுத்துப் பார்த்தபோது அந்தச் சொல் மிகத் தெளிவாகவே இருந்தது.

என்.ஜி. என்று குறித்த நெகடிவை யாரும் பிரதி எடுத்துப் பார்ப்பதில்லை. அது தகரப் பெட்டியில் அடைபட்டுக் கிடங்குக்குப் போய்விடும். மூன்று வருடம் அங்கே தூங்கும். பிறகு பட்டியல் எடுப்பார்கள், மூன்று பேர் குழு கையெழுத்துப் போடும், லாரியில் ஏற்றி, ஃபிலிமை உருக்கி வெள்ளி எடுக்கிறவர்களிடம் அனுப்பிவிடுவார்கள். என் தங்கை இருந்த பெட்டிக்கு இன்னும் பதினோரு மாதம் பாக்கி இருந்தது. அதற்குள் ஆறு அடியை வெளியே கொண்டுவராவிட்டால் அம்மாவுக்கு ஆயுள் முழுக்க ஸ்டுடியோக்காரர் போட்ட கண்கள்தான்.

கிடங்கைப் பார்த்துக்கொண்டவர் நல்ல மனிதர். விஷயத்தைச் சொன்னதும் சாவிக்கொத்தை எடுத்தார். "ஆறு அடி தானே சார். டிபன் பாக்ஸ்ல வெச்சி எடுத்துட்டுப் போங்க. யாருக்குத் தெரியப்போவுது?"

எடுத்துக்கொண்டு போயிருக்கலாம். பலரும் எடுத்துக்கொண்டு போனார்கள், ஆறு அடியை விடப் பெரிய சமாச்சாரங்களை. நான் மறுத்துவிட்டேன். நேர்மை என்று தயவுசெய்து யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். வீம்பு. கையெழுத்துப் போட்டு அவளை 'இடையூறு' என்று உள்ளே அனுப்பியது இந்த அலுவலகம், அதாவது நான். கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்தி, 'தேவை' என்று எழுதித்தான் வெளியே கொண்டுவருவேன் என்று நினைத்தேன். திருடி எடுத்தால் அம்மா கேட்கும்போது ஒளித்துவைத்துக் காட்ட வேண்டியிருக்கும். என் தங்கை ஒளிந்துகொள்கிற பெண் அல்ல. கிடங்குக்காரர் என்னை ஒருமாதிரியாகப் பார்த்துவிட்டு, சாவிக்கொத்தை ஆணியில் மாட்டினார்.

கைவிடப்பட்ட நெகடிவைத் திரும்ப எடுக்க, அனுமதிக்கப்பட்ட ஒரு படத்தின் எண் வேண்டும். எனவே படம் ஒன்றுக்கு முன்மொழிவு எழுதினேன். வட ஆற்காட்டுக் குடும்பங்களில் இறந்தவர்களை எப்படிப் படமெடுக்கிறார்கள், அந்தப் படத்தோடு வீடு எப்படி வாழ்கிறது என்று இருபது நிமிடப் படம். பதினோரு பக்கம். நான் எழுதிய முன்மொழிவுகளிலேயே சிறந்தது அதுதான். ஐந்து மேசைகளைக் கடந்து ஒன்றரை மாதத்தில் திரும்பி வந்தது. ஓரத்தில் பச்சை மையில் ஒரு குறிப்பு: 'துக்கம் மக்களுக்குச் செய்தி ஆகாது. கோப்பை முடிக்கலாம்.'

கோப்பை முடித்தேன். அதே மேசையில், அதே பேனாவால், அடுத்த கோப்பைத் தொடங்கினேன். தலைப்பு: 'மஞ்சள் காமாலையும் காய்ச்சிய நீரும்.' ஒன்றரைப் பக்கம். பதினைந்து நாளில் அனுமதி வந்தது. மார்ச் மாதம் நெருங்கிக்கொண்டிருந்தது, கணக்கு வருடம் முடிவதற்குள் முடித்துக் காட்ட அவர்களுக்கு ஏதாவது ஒரு படம் தேவைப்பட்டது. அரசாங்கத்தில் மனிதன் சாவது செய்தியாகாது. எதைக் குடித்துச் செத்தான் என்பது செய்தியாகும். இந்த வித்தியாசத்தைப் புரிந்துகொண்ட பிறகு எனக்கு அங்கே பெரிய கஷ்டங்கள் இருந்ததில்லை.

படத்தின் எண்ணோடு, தேரோட்டப் பெட்டியைக் கேட்டுத் தேவைப் படிவம் அனுப்பினேன். காய்ச்சிய நீருக்கும் தேருக்கும் என்ன சம்பந்தம் என்று ஒரு விசாரணை வந்தது. திருவிழாக் கூட்டத்தில் நீரால் பரவும் நோய்கள் என்று பதில் எழுதினேன். பொய் இல்லை. பிறகு அடிக்கல் நாட்டுவதைப் படமெடுக்க என்னைத் தஞ்சாவூர்ப் பக்கம் அனுப்பினார்கள். பத்து நாள் கழித்துத் திரும்பியபோது கிடங்குக்காரர் வாசலிலேயே நின்றிருந்தார். பெட்டிகளை முன்கூட்டியே கழிக்க உத்தரவு வந்துவிட்டதாம், இடம் போதவில்லையாம். என் பெட்டியும் பட்டியலில் சேர்ந்துவிட்டது. மூன்று கையெழுத்தும் ஆகிவிட்டது. மறுநாள் காலை லாரி.

கழிப்புப் பட்டியலை வைத்திருந்த கண்காணிப்பாளரிடம் போனேன். அவர் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு, பட்டியல் ஃபைனல் ஆன பிறகு ஆண்டவனே வந்தாலும் ஒரு வரி அடிக்க முடியாது என்றார். அவர் சொன்னது சரி. கழிப்பு விதியை நானும் மனப்பாடமாக அறிவேன். மூன்று கையெழுத்து ஆன பட்டியலை எந்த அதிகாரியும் திருத்த முடியாது. ஆனால் அதற்கு முந்தைய பாராவில், அனேகமாக யாரும் படிக்காத பாராவில், இன்னொரு சங்கதி இருக்கிறது. குழு உட்காருவதற்கு முன், ஒவ்வொரு பெட்டிக்கும் எதிரே அந்தப் படத்தை எடுத்தவர், இனி தேவையில்லை என்று சான்றளிக்க வேண்டும்.

பட்டியலைப் பார்க்கலாமா என்று கேட்டேன். தாராளமாக என்று நகர்த்தினார். என் பெட்டிக்கு எதிரே, 'இனி தேவையில்லை' என்பதன் கீழ், 'இயக்குநருக்காக' என்று எழுதி யாரோ சுருக்கொப்பம் போட்டிருந்தார்கள்.

"இயக்குநருக்காகன்னு போட்டிருக்கே, அந்த இயக்குநர் நான்தான். எனக்காக யாரு சார் போட்டது?"

"நீங்க டூர்ல இருந்தீங்க."

"டூர்ல இருக்கறவனுக்குத் தேவையா தேவையில்லையான்னு உங்களுக்கு எப்படித் தெரிஞ்சது?"

அவர் வெற்றிலையை இந்தக் கன்னத்திலிருந்து அந்தக் கன்னத்துக்கு மாற்றினார். சான்று செல்லாவிட்டால் குழுவின் கையெழுத்தும் அந்த வரிக்குச் செல்லாது, வரி செல்லாவிட்டால் பெட்டி லாரியில் ஏற முடியாது, ஏற்றினால் அரசு உடைமையை அத்துமீறி அழித்த கணக்காகும் என்று அமைதியாகச் சொன்னேன். ஆறு அடிக்கு இவ்வளவா சார் என்று அவர் கேட்டார். ஆமாம் என்றேன். சுருக்கொப்பத்தைக் கோடிட்டு அடித்து, பக்கத்தில் 'தேவை' என்று எழுதி முழுக் கையெழுத்துப் போட்டேன். முப்பத்தோரு வருட வேலையில் நான் மனமறிந்து போட்ட கையெழுத்து அது ஒன்றுதான் என்று தோன்றுகிறது.

மறுநாள் பெட்டியை நானே லேபுக்கு எடுத்துப் போனேன். தூரத்துத் தேருக்கு வைத்த ஃபோகஸ், பக்கத்தில் வந்து நின்றவளுக்கு எப்படிப் பொருந்தும் என்ற பயம் இருந்தது. பட்டப்பகல் வெயிலுக்காக லென்ஸின் துளையை மிகச் சிறிதாக்கி வைத்திருந்தது கைகொடுத்தது. எடிட்டிங் மேசையின் சின்னத் திரையில் அவள் வந்தாள். சத்தம் இல்லை. தலை ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கியிருந்தாள். வாய் திறந்திருந்தது. நீட்டிய கையில் வளையல் ஒன்று முழங்கை வரை வழுக்கி இறங்கியது. அவள் பின்னால் பெரிய தேர் மங்கலாக நகர்ந்தது. அவளுடைய கண்கள் எப்படி இருக்கும் என்பதை நானே மறந்துவிட்டிருந்தேன் என்பது அப்போதுதான் தெரிந்தது.

காமாலைப் படத்தை எங்கள் வீட்டிலேயே எடுப்பது என்று முடிவு செய்தேன். ஒரே ஓர் உதவியாளரோடு ஊருக்கு வந்தேன். முதலில் ஸ்டுடியோக்காரரைப் பார்த்தேன். அனுமதி பெற்ற திரைக்கதையில் அவருக்கு இடமில்லை, இருந்தாலும் கேட்டேன். ஏன் எல்லோருக்கும் ஒரே கண்?

அவர் கோபப்படவில்லை. தூரிகையைத் துடைத்துக்கொண்டே சொன்னார். "உயிரோட பாத்திருந்தா தானே சார் போடறது? மொத மொதல்ல எங்கம்மாவுக்குத்தான் போட்டேன். நல்லா அமைஞ்சிடுச்சி. அதையே எல்லாருக்கும் வெச்சிக்கினேன்."

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அவள் அரிசியில் கல் பொறுக்குவதை நிறுத்தாமல் கேட்டாள். "அப்ப அவங்கம்மாவைத் தானே நான் இத்தினி நாளா கும்பிட்டுகினு இருந்தேன்" என்றாள். எழுந்து போய்ப் படத்தைக் கழற்றி, பழைய வேட்டியில் சுற்றி, பரணில் போட்டாள். சுவரில் சதுரமாக ஓர் இடம் மட்டும் சுண்ணாம்பு வெளுப்பாகத் தெரிந்தது. அதற்கு நேர்கீழே அடுப்பறை வாசல். அம்மாவை அங்கே உட்காரவைத்து விளக்கைச் சரி செய்தேன்.

என் தொழிலில் எனக்கு அவமானமாக இருக்கும் காரியங்கள் பல உண்டு. அன்று நான் செய்தது அவற்றில் முதலாவது. பெற்ற தாயிடம், மகளைப் பற்றி நினைத்துக்கொள்ளும்படியும், அழுகை வந்தால் அடக்க வேண்டாம் என்றும் சொன்னேன். எடுப்பது காய்ச்சிய நீரைப் பற்றி. ஆனால் எனக்கு உள்ளூர அந்தப் பச்சை மைக் குறிப்பை எழுதியவர் இந்த முகத்தைத் திரையில் பார்க்க வேண்டும் என்ற ஆசை இருந்தது. உதவியாளர் தலையைக் குனிந்துகொண்டார். அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

"நீ பட்டன அமுக்குனா நான் அழுவணுமா?"

நான் லென்ஸைத் துடைத்தேன்.

"அழுவற அழுகையெல்லாம் அழுதாச்சி. அது எனுக்கு. உனுக்கும் உங்க ஆபீசுக்கும் கெடையாது. தண்ணி காச்சறது எப்பிடின்னு தானே காட்டணும்? காட்டறேன், எடு."

எடுத்தேன். அம்மா பானையில் நீர் ஊற்றி அடுப்பில் ஏற்றினாள். சுள்ளியை முறித்துத் திணித்தாள். ஊதினாள். புகைக்கு முகத்தைத் திருப்பினாள். பிறகு கையைக் கட்டிக்கொண்டு பானைக்குப் பக்கத்தில் நின்று, நீர் கொதிக்கும் வரை கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஃபிலிம் சுருள் தீர்ந்து போனது. உதவியாளர் மாற்றினார். அவள் அசையவில்லை. அந்தப் பார்வையில் என்ன இருந்தது என்று நான் எழுதப்போவதில்லை. அவள் அதை எனக்கென்று கொடுக்கவில்லை.

படத்தை எட்டு நிமிடமாகத் தொகுத்தேன். கிணறு, கூட்டம், குடிநீர்த் தொட்டி, மருத்துவர் சொல்லும் நான்கு வாக்கியங்கள், எல்லாம் விதிப்படி. பிறகு அம்மா நீர் காய்ச்சுகிறாள். கொதிக்கிறது. அதற்கு அடுத்த ஷாட்டில் என் தங்கை வந்து நின்று கையை நீட்டித் திட்டுகிறாள். நான்கு விநாடி. அந்த இடத்தில் மட்டும் வர்ணனைக் குரல் இல்லை, இசையும் இல்லை.

அதிகாரிகளுக்குப் போட்டுக் காட்டிய அன்று, விளக்கைப் போட்டதும் மூத்தவர் கேட்டார். "அந்தப் பொண்ணு யாரு? ஏன் நம்மளத் திட்டுது?"

"காய்ச்சாத தண்ணிய குடிக்கறவங்களத் திட்டுது சார்" என்றேன்.

அவர் யோசித்தார். பச்சை மைக்காரர் அவர்தான். "நல்லா எடுபடுது. நடிகையா?"

"இல்ல சார். உள்ளூர்ப் பொண்ணு."

'பொதுமக்களிடம் நேரடித் தாக்கம் ஏற்படுத்துகிறது. அனுமதிக்கலாம்' என்று அதே பச்சை மையில் எழுதினார். அந்தக் குறிப்பின் நகலை நான் இன்னும் வைத்திருக்கிறேன்.

அந்தக் காலத்தில் எல்லாக் கொட்டகைகளிலும் முக்கியப் படத்துக்கு முன்னால் எங்கள் படங்களைக் காட்டியே ஆக வேண்டும். ஜனங்கள் அந்த நேரத்தில்தான் முறுக்கு வாங்கவும் இடம் பிடிக்கவும் அலைவார்கள். காமாலைப் படம் திருவண்ணாமலைக்கு ஒரு வாரம் வந்தது. அம்மா அதற்கு முன் கொட்டகைக்குப் போனது இரண்டு முறைதான், இரண்டும் சாமி படம். அந்த வாரம் தினமும் மதியக் காட்சிக்குப் போனாள். பெண்கள் பகுதியில் முன்வரிசையில் உட்கார்ந்து, மகள் வந்து திட்டிவிட்டுப் போனதும், பெரிய படத்தின் பெயர் விழுவதற்குள் எழுந்து வெளியே வந்துவிடுவாள். நான்காம் நாளிலிருந்து டிக்கெட் கிழிக்கிறவர் அவளுடைய டிக்கெட்டைக் கிழிக்காமல் உள்ளே விட்டார்.

சனிக்கிழமை நானும் கூடப் போனேன். தங்கை திரையில் கை நீட்டியதும் தரை டிக்கெட்டிலிருந்து ஒருவன் உரக்கச் சொன்னான். "சரிம்மா, காச்சியே குடிக்கறோம், உடு." கொட்டகை முழுக்கச் சிரித்தது. எனக்கு உடம்பு எரிந்தது. எழுந்துவிடப் பார்த்தேன். பெண்கள் பகுதியில் அம்மாவும் சிரித்துக்கொண்டிருந்தாள். வெளியே வந்து முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "அவளுக்கு யாரும் எதுத்துப் பேசுனா ஆவாது. இருந்திருந்தா எறங்கி வந்து அறைஞ்சிருப்பா" என்றாள்.

தொண்ணூற்றாறு ஃபிரேமில் ஒன்றைத் தேர்ந்தெடுத்துப் பெரிதாக்கச் சொல்லி அம்மா கேட்டாள். எதை எடுப்பது என்று நாங்கள் இருவரும் ஒரு பூதக்கண்ணாடியோடு உட்கார்ந்து இரண்டு நாள் சண்டை போட்டோம். வாய் மூடியிருக்கும் ஃபிரேம் ஒன்று தொடக்கத்தில் இருந்தது, அது அழகாகவும் இருந்தது. அம்மா அதைத் தள்ளிவிட்டு, வளையல் இறங்கிய, வாய் நன்றாகத் திறந்த ஒன்றில் விரலை வைத்தாள். ஸ்டுடியோக்காரர் அதை வாங்கிப் பார்த்து, கையை எடுத்துவிடலாம், வாயை மூடிவிடலாம், ஒரு மணி நேர வேலைதான் என்று உதவ முன்வந்தார். தூரிகையைத் தொடக்கூடாது என்று சொல்லி, அவர் முடிக்கும் வரை பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தேன்.

அடுத்த ஆண்டு எனக்குக் கல்யாணம் நிச்சயமானது. எங்கள் பக்கத்தில் கல்யாணத்துக்கு முன் பூவாடைக்காரிக்குப் படைப்பார்கள். கன்னியாகவோ சுமங்கலியாகவோ அந்த வீட்டில் இறந்த பெண் அந்த வீட்டுக்கே சாமி. கிணற்றிலிருந்தோ ஏரியிலிருந்தோ ஒரு செம்பில் நீர் மொண்டு, பூச்சுற்றி, பம்பை அடித்து அவளை வீட்டுக்கு அழைத்துவந்து, புதுப்புடவையும் பலகாரமும் படைத்து, சம்மதம் கேட்க வேண்டும். அவளை விட்டுவிட்டு நல்ல காரியம் செய்யக் கூடாது. எங்கள் வீட்டில் கன்னியாகச் செத்தவள் என் தங்கை. வேங்கிக்கால் ஏரியில், எங்கள் நிலத்தை ஒட்டிய கரையில், ஒரு சாயங்காலம் செம்பில் நீர் எடுத்தோம். அந்த இடத்துக்குச் சற்று தூரத்தில்தான் பிற்பாடு கலெக்டர் ஆபீஸ் வந்தது.

முறையெல்லாம் தெரிந்தவர் பெரியப்பா. அப்பாவின் அண்ணன். எந்தப் படையலுக்கு எத்தனை இலை, எந்தத் திசையில் விளக்கு என்பதில் அவரை யாரும் திருத்த முடியாது. அந்த வகையில் அவரும் நானும் ஒரே ஜாதி மனிதர்கள். செம்பை இறக்கி வைத்ததும் அவர் கண் சுவருக்குப் போனது. பெரிதாக்கிய படத்தில் தங்கை வாயைத் திறந்துகொண்டு கையை நீட்டியிருந்தாள். பெரியப்பா உள்ளே போய்ப் பரணில் துழாவி, வேட்டியில் சுற்றிய பழைய படத்தை எடுத்து வந்தார். தூசி தட்டினார். அதைச் செம்புக்குப் பின்னால் சாய்த்து நிறுத்தினார்.

அம்மா அதை எடுத்து அவர் கையிலேயே கொடுத்தாள். சுவரிலிருந்து மற்றதை இறக்கி அந்த இடத்தில் வைத்தாள். பம்பைக்காரர்கள் அடிப்பதை நிறுத்திவிட்டார்கள். கூடத்தில் முப்பது பேர் இருந்தார்கள்.

"ஏம்மா, சாமி வாயத் தொறந்துகினு கைய நீட்டிகினு கீது. கும்பிடறவன அடிக்க வர்ற மாதிரி. கல்யாணம் நடக்கப்போற ஊட்ல இது நல்லாவா இருக்குது?"

"அவ அப்பிடித்தான் மாமா இருந்தா. சாமியாயிட்டான்னு வேற ஆளா ஆவணுமா?"

"படம்னா நேரா பாக்கணும். அதான் முறை. இதுல என்ன கொறை?" பெரியப்பா கையிலிருந்ததைத் தூக்கிக் காட்டினார்.

"அது ஸ்டுடியோக்காரரு அம்மா. அந்தம்மாவுக்கு நான் எதுக்குப் பொடவை வெச்சிப் படைக்கணும்?"

யாரோ சிரிப்பை அடக்கினார்கள். பெரியப்பாவின் முகம் சிவந்தது. படையலை நிறுத்திவிட்டு அவர் எழுந்து போனால் கல்யாணம் நின்றுவிடும், குறைந்தபட்சம் அவர் பக்கத்துச் சொந்தம் யாரும் வராது. அது எல்லோருக்கும் தெரிந்தது. எனக்கும் தெரிந்தது. இந்தச் சபையில் காட்டுவதற்கு என்னிடம் எந்தப் பாராவும் இல்லை. அம்மா புதுப்புடவையைப் பிரித்து, மடிப்பைச் சரி செய்து, படத்தின் முன்னால் விரித்தாள். பிறகு பெரியப்பாவைப் பார்த்துக்கொண்டு கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். நீர் கொதிக்கக் காத்திருந்தபோது நின்ற அதே நிலையில்.

அப்பாதான் பேசினார். மகள் இறந்ததிலிருந்து அவளைப் பற்றி அவர் ஒரு வார்த்தை பேசி நாங்கள் கேட்டதில்லை. "ண்ணா, பொட்ட வெய்யி. அவளுக்குப் பசி தாங்காது."

பெரியப்பா பழைய படத்தைப் பக்கத்தில் நின்றவரிடம் கொடுத்தார். குங்குமத்தைக் குழைத்துக்கொண்டு குனிந்தார். நேராகப் பார்க்கும் நெற்றிகளுக்கே பொட்டு வைத்துப் பழகிய கை அது. தங்கையின் தலை சாய்ந்திருந்ததால் பொட்டு புருவத்தின் மேல் விழுந்தது. அம்மா முந்தானை நுனியை ஈரமாக்கி, கண்ணாடியைத் துடைத்துவிட்டு, "கொஞ்சம் மேல வெய்யுங்க மாமா" என்றாள். அவர் மறுபடியும் விரலைத் தோய்த்தார்.